உருவிப் பார்ப்பதா, உருவாமல் சோதிப்பதா? கார் ஃபியூஸ் பார்க்கும் வழிகள்: ஓர் ஒப்பீடு

ஹாரனோ வைப்பரோ பவர் விண்டோவோ திடீரென்று நின்றுவிட்டால் பெரும்பாலானோர் ஃபியூஸ் பெட்டியைத் திறந்து, ஒவ்வொன்றாக உருவி வெளிச்சத்தில் பிடித்துப் பார்ப்பார்கள். அப்படியும் கோளாறு அகப்படும்தான். ஆனால் இருக்கிற வழிகளிலேயே அதிக நேரம் பிடிப்பதும், புதிதாக ஒரு கோளாறை உண்டாக்கக்கூடியதும் இதுதான். நல்ல ஃபியூஸை உருவினால் அதைப் பிடித்திருக்கும் கவ்வி தளரலாம். திருப்பிச் செருகும்போது பக்கத்துக் குழிக்குப் போய்விடலாம். ரேடியோ, பவர் விண்டோ போன்றவை நினைவில் வைத்திருந்த அமைப்புகள் அழியலாம். தட்டையான உலோகக் கால்கள் கொண்ட பிளேடு ஃபியூஸின் முதுகில் இரண்டு சிறு உலோகப் புள்ளிகள் திறந்தே விடப்பட்டிருக்கின்றன. அதை இருந்த இடத்திலேயே சோதிப்பதற்காகத்தான் அந்த ஏற்பாடு.

எந்தப் பெட்டி, எந்தக் குழி?

இன்றைய கார்களில் குறைந்தது இரண்டு பெட்டிகள் இருக்கும். ஒன்று பானெட்டுக்குள் பேட்டரிக்கு அருகே. கூலிங் ஃபேன், ஏபிஎஸ், ஹெட்லைட், ஹாரன் போன்ற கனமான சுற்றுகள் பெரும்பாலும் இதில் இருக்கும். இன்னொன்று உள்ளே இருக்கும்: ஓட்டுநரின் முழங்காலுக்கு மேலே, அல்லது கதவைத் திறந்தால் தெரியும் டாஷ்போர்டின் பக்கவாட்டு மூடிக்குள், அல்லது கிளவ் பாக்ஸுக்குப் பின்னால். பேட்டரியைப் பின்பக்கம் வைத்திருக்கும் கார்களில் டிக்கியிலும் ஒரு பெட்டி இருக்கலாம். இவை போக, பேட்டரியின் பாசிட்டிவ் முனையிலேயே போல்ட் போட்டு முறுக்கிய பெரிய ஃபியூஸ்களும் உண்டு. கார் முழுக்கச் செத்துக் கிடந்தால் முதலில் பார்க்க வேண்டியவை இவைதான்.

இடம் கண்டுபிடிக்க மூன்று துணைகள் உண்டு. மூடியின் உட்புறப் படம் கைக்கு எட்டும் தூரத்தில் இருப்பது. ஆனால் ஒரே மூடியைப் பல மாடல்களுக்குப் போடுவதால், படத்தில் இருக்கிற எல்லாக் குழியிலும் ஃபியூஸ் இருக்காது. சில மூடிகளை இரண்டு திசையிலும் வைக்க முடியும் என்பதால், படத்தை எந்தப் பக்கமிருந்து படிப்பது என்ற குழப்பமும் வரும். பெட்டியில் நன்றாகத் தெரியும் பெரிய ரிலே (மின்சாரத்தால் இயங்கும் சுவிட்ச்) ஒன்றை அடையாளமாக வைத்துத் திசையை உறுதி செய்துகொள்ளுங்கள். உரிமையாளர் கையேடு இன்னும் தெளிவானது: எந்த எண், எத்தனை ஆம்ப், எந்தச் சுற்று என்று பட்டியலே இருக்கும். உங்கள் காரின் ஆண்டுக்கும் ஸ்டீயரிங் இருக்கும் பக்கத்துக்கும் உரிய பதிப்புதானா என்று மட்டும் பாருங்கள். வலதுபக்க ஸ்டீயரிங் காருக்கு இடதுபக்கப் பதிப்பைப் பார்த்தால், பெட்டி இருக்கும் இடமே மாறிப்போகலாம்.

மூன்றாவது வயரிங் படம். பல்ப் ஒன்று எரியாததற்கு இது தேவையில்லை. ஒரே நேரத்தில் நான்கு சங்கதிகள் நின்றுபோனால் இதைப் போல உதவுவது வேறில்லை. உள்ளே இருக்கும் சிறு ஃபியூஸுக்கு மேலே பானெட்டுக்குள் ஒரு பெரிய ஃபியூஸ் இருப்பதும், அதிலிருந்து எத்தனை சுற்றுகள் பிரிகின்றன என்பதும் இதில்தான் தெரியும். ஒரு விஷயத்தைப் படமில்லாமலே ஊகிக்கலாம். பல கார்களில் இடது, வலது லோ பீம்களுக்குத் தனித்தனி ஃபியூஸ். ஒரு பக்கம் மட்டும் எரியவில்லை என்றால் பல்பையும் அந்த ஃபியூஸையும் பாருங்கள். இரண்டு பக்கமும் ஒரே நேரத்தில் போயிருந்தால் ரிலே, சுவிட்ச், மேல்நிலை ஃபியூஸ் ஆகியவற்றின் மேல்தான் சந்தேகம் விழ வேண்டும்.

கண்ணால் பார்ப்பது

கருவி வேண்டாம், செலவில்லை. மூடியில் செருகி வைத்திருக்கும் சிறு பிளாஸ்டிக் இடுக்கியால் பிடித்து நேராக மேலே இழுத்தால் போதும். உலோக இடுக்கி கூடாது. பக்கத்து ஃபியூஸின் புள்ளிகளில் பட்டால் அங்கேயே ஷார்ட் ஆகிவிடும்.

இந்த வழியின் உண்மையான மதிப்பு, எரிந்த ஃபியூஸ் எப்படி எரிந்தது என்று காட்டுவதில் இருக்கிறது. உள்ளே இருக்கும் கம்பி ஒரு சிறு இடைவெளியோடு சுத்தமாக உருகியிருந்தால், அளவுக்குச் சற்று மேலான மின்னோட்டம் கொஞ்ச நேரம் ஓடியிருக்கிறது: இறுகிப்போன மோட்டார், கூடுதலாக மாட்டிய சாதனம் போன்றவை. உட்புறம் கறுத்து, உலோகம் தெறித்திருந்தால் நேரடி ஷார்ட். புது ஃபியூஸ் போட்டாலும் உடனே போகும். கம்பி முழுதாக இருக்க, பிளாஸ்டிக் உடலோ கால்களோ உருகியிருந்தால் கோளாறு ஃபியூஸில் இல்லை, அதைப் பிடித்திருக்கும் கவ்வியில். தளர்ந்த பிடிப்பு சூடேறித்தான் பிளாஸ்டிக் உருகுகிறது. அந்தக் கவ்வியைச் சரிசெய்யாமல் எத்தனை ஃபியூஸ் மாற்றினாலும் அதே கதிதான்.

ஏமாற்றும் இடமும் இருக்கிறது. அதிர்வாலும் சூடாகிக் குளிர்வதாலும் கம்பி, காலோடு சேரும் அடியில் மயிரிழையாக விரிந்திருக்கலாம். அந்த இடத்தைப் பிளாஸ்டிக் மறைத்திருக்கும். மைக்ரோ 3 வகையில் மூன்று கால்கள், இரண்டு கம்பிகள். ஒன்று மட்டும் போயிருந்தால் அவசரத்தில் கண்ணில் படாது. கண்ணுக்கு "போயிற்று" என்று பட்டால் நம்பலாம். "நன்றாக இருக்கிறது" என்று பட்டால் அதை முடிவாக எடுத்துக்கொள்ளக் கூடாது.

வேறொன்றைப் போட்டுப் பார்ப்பது

சாலையோரத்தில் இதைவிட விரைவான வழி இல்லை. அதே ஆம்ப் உள்ள நல்ல ஃபியூஸை, அவசரமில்லாத ஒரு சுற்றிலிருந்து எடுத்துப் போடலாம். ஷார்ட் இருந்தால் அதுவும் போய்விடும், எதனால் போனது என்றும் தெரியாது.

ஆம்பை நிறத்தை வைத்து மட்டும் எடுக்காதீர்கள். சாதாரண, மினி பிளேடு ஃபியூஸ்களில் 5 ஆம்ப் இளம்பழுப்பு, 7.5 பழுப்பு, 10 சிவப்பு, 15 நீலம், 20 மஞ்சள், 25 நிறமற்றது, 30 பச்சை. மாக்ஸி எனப்படும் பெரிய பிளேடு வகையில் நீலம் என்றால் 60, சிவப்பு என்றால் 50. ஜே-கேஸ் எனப்படும் பெட்டி வடிவ ஃபியூஸில் பச்சை 40, மஞ்சள் 60. வகை மாறினால் நிறத்தின் பொருளும் மாறும். முதுகில் அச்சிட்ட எண்ணைப் படியுங்கள்.

பெரிய ஆம்ப் போடுவது ஏன் ஆபத்து என்பதற்கு ஃபியூஸ் வேலை செய்யும் விதமே காரணம். 10 ஆம்ப் ஃபியூஸ் 10 ஆம்பைத் தாண்டியதும் அறுந்துவிடாது. 110 சதவீதத்தை மணிக்கணக்கில் தாங்கும். 135 சதவீதத்தில் அறுவதற்குப் பத்து நிமிடம்வரைகூட ஆகலாம். 200 சதவீதத்தில்தான் ஐந்து நொடிக்குள் போகும். வயரின் தடிமனை இந்தக் கணக்குக்குப் பொருந்தும்படி தேர்ந்தெடுத்திருக்கிறார்கள். 10 ஆம்ப் இடத்தில் 20 போட்டால், 15 ஆம்ப் தொடர்ந்து ஓடினாலும் ஃபியூஸ் பேசாமல் இருக்கும். டாஷ்போர்டுக்குள் வயரின் உறைதான் உருகும்.

டெஸ்ட் லேம்ப்

ஒரு பக்கம் கிளிப், மறுபக்கம் கூர்முனை, நடுவே ஒரு சிறு பல்ப் கொண்ட கருவி இது. உருவாமல் சோதிக்க இதுவே முதல் தேர்வு. கிளிப்பைப் பெயின்ட் இல்லாத உலோகத்திலோ பேட்டரியின் நெகட்டிவிலோ மாட்டுங்கள். முதலில் பேட்டரி பாசிட்டிவைத் தொட்டு விளக்கு எரிகிறதா என்று பாருங்கள். இதைத் தவிர்த்தால், எர்த் கிடைக்காத கிளிப்பை வைத்துக்கொண்டு எல்லா ஃபியூஸும் போயிற்று என்று முடிவு கட்டிவிடுவீர்கள். பிறகு இக்னிஷனை ஆன் செய்து, ஒவ்வொரு ஃபியூஸின் முதுகிலும் இரண்டு புள்ளிகளையும் தொடுங்கள். முப்பது ஃபியூஸைச் சில நிமிடங்களில் முடித்துவிடலாம்.

இரண்டு பக்கமும் எரிந்தால் ஃபியூஸ் நல்லது. ஒரு பக்கம் மட்டும் எரிந்தால் போய்விட்டது. இரண்டு பக்கமும் எரியாத மூன்றாவது நிலையைத்தான் பலர் தவறாகப் படிக்கிறார்கள். அது ஃபியூஸ் போனதைக் காட்டவில்லை, அங்கே மின்சாரமே வந்து சேரவில்லை என்கிறது. ரிலேவுக்குப் பின்னால் இருக்கும் ஹெட்லைட் ஃபியூஸுக்கு, சுவிட்சைப் போட்டால்தான் மின்சாரம் வரும். பின்கண்ணாடி ஹீட்டருக்கும் அப்படியே இருக்கலாம். சுவிட்சைப் போட்ட பிறகும் இரண்டு பக்கமும் இருட்டாக இருந்தால், மேல்நிலை ஃபியூஸையும் ரிலேவையும் நோக்கிப் போக வேண்டும். உருவிப் பார்க்கிறவருக்கு இந்தத் தகவல் கிடைக்கவே கிடைக்காது. டெஸ்ட் லேம்பை முதலில் வைப்பதற்கு எங்களைப் பொறுத்தவரை இதுவே முதன்மையான காரணம்.

சாதாரண பல்ப் கொண்ட லேம்ப் கால் ஆம்ப் அளவுக்கு மின்சாரம் இழுக்கும். இது பலம், பலவீனம் இரண்டுமே. அரித்துப்போன இணைப்பின் வழியே கசியும் பெயரளவு வோல்டேஜால் பல்பு ஏமாறாது, மங்கலாக எரிந்து காட்டிக்கொடுக்கும். அதே காரணத்தால் சென்சார், கம்ப்யூட்டர் வயர்களில் அதை வைக்கக் கூடாது. மஞ்சள் கனெக்டர் கொண்ட ஏர்பேக் வயர்களில் எந்தக் கருவியையுமே வைக்காதீர்கள். ஹைப்ரிட், மின்சாரக் கார்களில் இங்கே சொல்வதெல்லாம் 12 வோல்ட் பகுதிக்கு மட்டும். ஆரஞ்சு நிற கேபிள் தெரிந்தால் கையை எடுத்துவிடுங்கள்.

டெஸ்ட் லேம்புக்கும் தெரியாத ஒன்று உண்டு. புள்ளிகள் ஃபியூஸின் மேல் இருப்பதால், சாதனத்துக்குப் போகும் பக்கத்தில் காலுக்கும் கவ்விக்கும் நடுவே பிடிப்பு விட்டிருந்தால் இரண்டு பக்கமும் எரியும், சாதனம் மட்டும் வேலை செய்யாது. அப்போது அடுத்த சோதனை அந்தச் சாதனத்தின் கனெக்டரில் நடக்க வேண்டும்.

மல்டிமீட்டர்: ஒரு கருவி, மூன்று சோதனை

மீட்டரை 20 வோல்ட் டிசியில் வைத்து, கறுப்பு முனையை எர்த்திலும் சிவப்பை இரண்டு புள்ளிகளிலும் மாற்றி மாற்றி வைப்பது டெஸ்ட் லேம்ப் வேலையேதான். கூடுதலாக எண் கிடைக்கும்: இன்ஜின் ஓடாதபோது நல்ல பேட்டரியில் 12.6 வோல்ட் அளவில், ஓடும்போது 14 அளவில். மீட்டர் மின்சாரத்தை ஏறக்குறைய இழுப்பதே இல்லை என்பதால் சென்சார் வயர்களுக்கும் பாதுகாப்பானது. ஆனால் அரித்த இணைப்பிலும் முழு 12 வோல்ட் காட்டி ஏமாற்றும். பேட்டரி வோல்டேஜ் வந்து சேர்கிறதா என்று மட்டும் கேட்பதானால் லேம்ப்தான் நம்பகமானது.

அதிகம் தவறாகப் பயன்படுவது, இரு முனைகளுக்கும் நடுவே இணைப்பு அறுபடாமல் இருந்தால் "பீப்" சத்தம் தரும் கன்டினியூட்டி சோதனை. உருவிய ஃபியூஸில் வைத்தால் சரியான விடை வரும், மயிரிழை விரிசலும் பிடிபடும். பெட்டியிலேயே இருக்கும் ஃபியூஸில் வைத்தால் தவறாகலாம். குளிர்ந்த 21 வாட் பல்ப் ஒன்றின் தடை ஓர் ஓம்முக்கும் குறைவு. ஃபியூஸ் அறுந்திருந்தாலும், மீட்டரின் மின்சாரம் பல்புகள் வழியே எர்த்துக்குப் போய்ச் சுற்றி வந்து பீப் அடிக்கச் செய்யும். மின்சாரம் இருக்கும் இடத்தில் ஓம் அளவையில் வைப்பது மீட்டருக்கும் நல்லதல்ல. கன்டினியூட்டி என்றால் ஃபியூஸ் கையில் இருக்க வேண்டும்.

மூன்றாவது, இரவோடு இரவாக பேட்டரி இறங்கும் காருக்கு உரியது. மீட்டரை 200 மில்லிவோல்ட்டில் வைத்து, இரு முனைகளையும் ஒரே ஃபியூஸின் இரு புள்ளிகளில் வையுங்கள். எல்லாம் அணைத்த பிறகும் எண் வந்தால் அந்தச் சுற்றில் மின்சாரம் ஓடுகிறது. 10 ஆம்ப் ஃபியூஸின் தடை ஏறக்குறைய 7.5 மில்லிஓம். ஆக 1 மில்லிவோல்ட் என்பது சுமார் 130 மில்லிஆம்ப். 30 ஆம்ப் ஃபியூஸின் தடை 2 மில்லிஓம் அளவுதான் என்பதால், அதே மின்னோட்டத்துக்கு கால் மில்லிவோல்ட்தான் காட்டும். பெரிய ஃபியூஸ்களில் சிறு கசிவு இந்த வழியில் தெரியாமல் போகலாம். கதவுப் பூட்டின் நாக்கை மூடிய நிலைக்குத் தள்ளிவைத்து, காரைப் பூட்டி, கம்ப்யூட்டர்கள் உறங்க அரைமணி நேரமாவது கொடுங்கள். ஃபியூஸை உருவித் தேடினால், திருப்பிச் செருகும் நொடியில் உறங்கிய யூனிட் விழித்துக்கொண்டு கணக்கையே மாற்றிவிடும்.

எரிந்ததும் ஒளிரும் ஃபியூஸ்கள் இருட்டில் வசதிதான். ஆனால் சுற்றில் மின்சாரமும் மறுபக்கம் சாதனமும் இருந்தால்தான் ஒளிரும். ஒளிரவில்லை என்பதை வைத்து நல்லது என்று சொல்ல முடியாது.

புது ஃபியூஸும் உடனே போனால்

அடுத்தடுத்து ஃபியூஸ் போட்டு எரிப்பது, தானாக மீண்டும் இணையும் சர்க்யூட் பிரேக்கரைச் செருகுவது, ஃபியூஸ் இடத்தில் பல்பை இணைப்பது என்று மூன்று வழிகள். முதலாவது வீண். பிரேக்கர் ஒவ்வொரு முறை இணையும்போதும் முழு ஷார்ட் மின்னோட்டத்தை வயரில் விடுகிறது. பல்ப் வழிதான் மூன்றிலும் வயருக்குப் பாதுகாப்பானது. 21 வாட் இண்டிகேட்டர் பல்பின் இரு முனைகளையும் ஃபியூஸ் குழியின் இரு கவ்விகளோடு இணைத்தால், முழு ஷார்ட் இருந்தாலும் சுமார் 1.75 ஆம்ப்தான் ஓடும். ஷார்ட் இருக்கும்வரை பல்ப் பளிச்சென்று எரியும்.

பிறகு அந்தச் சுற்றில் உள்ள கனெக்டர்களை ஒவ்வொன்றாகக் கழற்றுங்கள். எதைக் கழற்றியதும் பல்ப் அணைகிறதோ, கோளாறு அதற்கு அப்பால் இருக்கிறது. எல்லாவற்றையும் கழற்றிய பிறகும் எரிந்தால் வயரிலேயேதான். கதவு, டிக்கி மூடியின் கீல் அருகே வயர் கட்டு மடிந்து நிமிரும் ரப்பர் குழாய்களை முதலில் அசைத்துப் பாருங்கள். அசைக்கும்போது பல்ப் மினுக்கினால் உறை தேய்ந்த இடம் அங்கே. வயரை ஒட்டவைத்து, உறை போட்டு, பல்ப் அணைந்ததைப் பார்த்த பிறகு, குறிப்பிட்ட அதே ஆம்ப் ஃபியூஸைச் செருகுங்கள்.