திருகோணமலையில் இருந்து பிளேஸ்டேஷன் வொய்ஸ் சாட்: ஆறு வருட அனுபவம்

தம்பி கனடாவில் ஸ்காபரோவுக்குப் போன அதே வருடம், 2019 கடைசியில், கைமாறி வந்த ஒரு பிஎஸ்4 ஸ்லிம் (பிளேஸ்டேஷன் 4 விளையாட்டுக் கொன்சோல்) வாங்கினேன். போனில் கதைத்தால் "சாப்பிட்டியா, வேலை எப்படி, குளிர் கூடவா" என்று ஐந்து நிமிடத்தில் எங்கள் கதை தீர்ந்துவிடும். திரையில் பந்து உருட்டிக்கொண்டு கதைத்தால் இரண்டு மணித்தியாலம் போவது தெரியாது. இங்கே சனி இரவு ஒன்பதரை என்றால் கோடையில் அவனுக்கு மதியம் பன்னிரண்டு. அந்த நேரத்துக்காகத்தான் கொன்சோல் வாங்கினேன். விளையாட்டு இரண்டாவது.

அதனால் சத்தம் போகவில்லை என்றால் எனக்கு எல்லாமே போன மாதிரி. அப்படிப் போகாமல் இருந்த நாட்கள் நிறைய. முழுதாகச் சரிக்கட்ட மூன்று வருடத்துக்கு மேல் எடுத்தது. இப்போது பிஎஸ்5 வைத்திருக்கிறேன், ஒரு குறையும் இல்லாமல் கதைக்கிறோம். இடையில் என்னென்ன பிழைத்தது, எதற்குக் காசு கொடுத்தது வீண், எது உண்மையில் உதவியது என்று எழுதி வைக்கிறேன். எங்கள் பக்கத்தில் வெளிநாட்டில் உறவு இல்லாத வீடு குறைவு. யாருக்காவது பிரயோசனப்படும்.

நான் கடைசியாகக் கற்ற பாடத்தை முதலில் சொல்கிறேன். சத்தம் போகவில்லை என்றவுடன் ஹெட்செட் வாங்க ஓடாதீர்கள். பிஎஸ்4 என்றால் செட்டிங்ஸ், டிவைசஸ், ஓடியோ டிவைசஸ், அட்ஜஸ்ட் மைக்ரோபோன் லெவல் என்று போங்கள். பிஎஸ்5 என்றால் செட்டிங்ஸில் சவுண்ட், பிறகு மைக்ரோபோன். அங்கே ஒரு பட்டை இருக்கும். கதைக்கும்போது அந்தப் பட்டை ஏறி இறங்கினால் மைக், வயர், கொன்ட்ரோலர் மூன்றும் சுகமாக இருக்கின்றன, பிழை இணைய லைனில் அல்லது கணக்கின் அமைப்பில். பட்டை அசையவே இல்லை என்றால் பிழை உங்கள் கையில் இருக்கும் பொருளில். இந்த ஒரு நிமிடச் சோதனையை நான் தொடக்கத்திலேயே செய்திருந்தால் இரண்டு ஹெட்செட் காசு மிச்சம்.

முதல் ஹெட்செட் கதை சுருக்கமானது. பிஎஸ்4 பெட்டியோடு ஒற்றைக் காதில் மாட்டும் ஒரு மைக் வரும். கைமாறி வந்ததில் அது இல்லை. கடையில் விலை குறைந்த ஒன்றை வாங்கினேன். தம்பி கதைப்பது எனக்குக் கேட்கும், நான் கதைப்பது அவனுக்குக் கேட்காது. கொன்ட்ரோலரில் குத்தும் ஜாக்கின் முனையைப் பார்த்தால் விஷயம் விளங்கும். இரண்டு கறுப்பு வளையம் இருந்தால் அது பாட்டுக் கேட்க மட்டும். மைக்கும் சேர்ந்ததில் மூன்று வளையம் இருக்கும். கணினிக்கென்று இரண்டு ஜாக்கோடு வருவதை அப்படியே குத்தினாலும் மைக் வேலை செய்யாது, இரண்டையும் ஒன்றாக்கும் சின்ன வயர் ஒன்று வேண்டும். போனுக்கு வாங்கிய புளூடூத் இயர்போனை பிஎஸ்4, பிஎஸ்5 இரண்டிலும் நேரடியாகச் சேர்க்க முடியாது என்பதையும் வாங்க முன்னமே தெரிந்துகொள்ளுங்கள்.

இரண்டாவது ஹெட்செட் நல்லது. ஒரு வருடம் அருமையாக ஓடியது. அப்போது நாங்கள் திருக்கடலூர்ப் பக்கம் வாடகைக்கு இருந்தோம். ஜன்னலைத் திறந்தால் கடல். வாடைக்காற்று தொடங்கிய மாதம், கொன்ட்ரோலரைக் கொஞ்சம் அசைத்தாலும் கரகரவென்று ஒரு இரைச்சல். தம்பி சொன்னான், "அண்ணா, நீ கதைக்கேக்க யாரோ கடதாசி கசக்கிற மாதிரிக் கேக்குது." லைன் பிழை என்று நினைத்து ரவுட்டரை எத்தனையோ தரம் நிறுத்திப் போட்டேன். ஒரு நாள் ஜாக்கைக் கழற்றி டோர்ச் வெளிச்சத்தில் பார்த்தேன். அந்தத் தங்க நிற முனையில், வளையங்கள் ஓரமாக, பாசி பிடித்த மாதிரிப் பச்சை. நகத்தால் சுரண்டினால் தூளாக வந்தது. கொன்ட்ரோலர் துவாரத்துக்குள்ளும் அதே பச்சை. உப்புக்காற்று.

பார்மசியில் ஐசோபுரோபைல் அல்ககோல் ஒரு சின்னப் போத்தல் வாங்கி, காது குடையும் பஞ்சுக் குச்சியில் கொஞ்சம் நனைத்து ஜாக்கைத் துடைத்தேன். கொன்ட்ரோலரை நிறுத்திவிட்டு, பஞ்சைக் குறைத்து மெல்லிதாக்கிய குச்சியால் உள்ளேயும் துடைத்து, ஒரு இரவு காயவிட்டேன். மறுநாள் கரகரப்பு முழுதாகப் போய்விட்டது. அதற்குப் பிறகு ஹெட்செட்டை மூடி இறுக்கமான ஒரு சாப்பாட்டுப் பெட்டிக்குள், சப்பாத்துப் பெட்டியில் வரும் சிலிக்கா ஜெல் பொட்டலங்களோடு வைக்கிறேன். உப்புவெளி, நிலாவெளி, டச் பே என்று கடலோரம் இருக்கிறவர்கள் இதைக் கட்டாயம் செய்யுங்கள். வேறு ஊர்க்காரர் எழுதும் எந்த வழிகாட்டியிலும் இது இருக்காது, ஆனால் எங்கள் ஊரில் மைக் பழுதாவதற்கு இதைவிடப் பெரிய காரணத்தை நான் காணவில்லை.

இனி லைன் பிரச்சினை. இதுதான் என்னை மிகவும் வாட்டியது.

வாடகை வீட்டில் ஃபைபர் இல்லை, சிம் போட்ட 4ஜி ரவுட்டர்தான். நானும், ஸ்காபரோவில் தம்பியும், மட்டக்களப்பில் ஒரு நண்பனும் ஒரே பார்ட்டியில் (பிளேஸ்டேஷனில் பலர் சேர்ந்து கதைக்கும் குழுவில்) இருப்போம். தம்பிக்கு எங்கள் இருவரையும் கேட்கும். எங்கள் இருவருக்கும் தம்பியைக் கேட்கும். எனக்கு மட்டக்களப்பைக் கேட்காது, மட்டக்களப்புக்கு என்னைக் கேட்காது. ஒரே கிழக்குக் கரையில் இருக்கும் இரண்டு பேர் சொல்வதை, கனடாவில் இருக்கும் தம்பி இங்கும் அங்கும் திருப்பிச் சொல்வான். "மச்சான் உன்னைப் பின்னுக்கு நிக்கச் சொல்றான் அண்ணா." "அண்ணா ஓமாம்." இப்படியே பல மாதம் விளையாடியிருக்கிறோம்.

காரணம் நாட் டைப். கொன்சோலில் இணையச் சோதனை செய்தால் கடைசியில் நாட் டைப் 1, 2, 3 என்று ஒன்று காட்டும். 1 என்றால் கொன்சோல் இணையத்தோடு நேரடியாக நிற்கிறது. 2 என்றால் ரவுட்டருக்குப் பின்னால், ஆனால் கதவு திறந்திருக்கிறது. 3 என்றால் கதவு பூட்டு. நாமாக வெளியே போகலாம், வெளியிலிருந்து யாரும் நம்மிடம் வர முடியாது. பிஎஸ்4 பார்ட்டியில் குரல் பெரும்பாலும் ஒரு கொன்சோலில் இருந்து மற்றக் கொன்சோலுக்கு நேரே போகப் பார்க்கும். ஒருவர் 2, மற்றவர் 3 என்றால் எப்படியோ ஒட்டிக்கொள்ளும். இருவரும் 3 என்றால் இரண்டு பக்கமும் பூட்டு, யார் கதவை யார் திறப்பது? நானும் மட்டக்களப்பும் 3. தம்பி 2. அவ்வளவுதான் விஷயம், ஹெட்செட் ஒன்றுமே செய்யவில்லை.

3 காட்டினால் ரவுட்டரின் செட்டிங்ஸ் பக்கத்துக்குள் போய் யூபிஎன்பி (கொன்சோல் கேட்டால் ரவுட்டர் தானாகவே கதவைத் திறந்துவிடும் வசதி) ஓனில் இருக்கிறதா என்று பாருங்கள். பலருக்கு அதோடு முடிந்துவிடும். முடியாவிட்டால் கொன்சோலுக்கு ஒரு நிலையான உள் முகவரி கொடுத்து (நான் கொடுத்தது 192.168.1.50) போர்ட்டுகளை, அதாவது ரவுட்டரில் இலக்கமிட்ட கதவுகளை, திறக்க வேண்டும். அவை டிசிபி, யூடிபி என்று இரண்டு வகை. டிசிபியில் 80, 443, 3478, 3479, 3480. யூடிபியில் 3478, 3479. நான் இரண்டையும் செய்தேன். ஒன்றும் மாறவில்லை.

ஏன் என்று கண்டுபிடித்தது ரவுட்டரின் நிலைப் பக்கத்தில். வான் ஐபி (ரவுட்டருக்கு இணைய நிறுவனம் கொடுத்த முகவரி) என்ற இடத்தில் 100.70 என்று தொடங்கும் இலக்கம். 100.64 தொடங்கி 100.127 வரையான இலக்கங்கள் இணைய நிறுவனங்கள் தங்கள் வாடிக்கையாளர் பலரை ஒரே வெளி முகவரிக்குப் பின்னால் நிறுத்துவதற்காக ஒதுக்கப்பட்டவை, 2012 இல் இருந்து இந்த வழக்கம். அதாவது என் ரவுட்டருக்கு மேலே, என் கைக்கு எட்டாத இடத்தில், இன்னொரு பெரிய ரவுட்டர் இருக்கிறது. நான் என் வீட்டுக் கதவை எவ்வளவு திறந்தாலும் ஒழுங்கையின் கேற் பூட்டியே இருக்கும். இந்த இலக்கத்தைப் பார்த்தால் போர்ட் திறக்கும் வேலையை அன்றே விட்டுவிடுங்கள். எனக்கு ஒரு கிழமை போனது அதில்.

2021 இல் லிங்கநகர்ப் பக்கம் வீடு மாறியதும் ஃபைபர் கிடைத்தது. உடனே சரி வரும் என்று நம்பினேன், அப்போதும் 3. இந்த முறை பிழை என்னுடையது. நிறுவனம் தந்த பெட்டிக்குப் பின்னால் என் சொந்த ரவுட்டரையும் மாட்டியிருந்தேன். ரவுட்டருக்குள் ரவுட்டர். என்னுடையதை வைஃபை மட்டும் கொடுக்கும் அக்சஸ் பொயின்ட் நிலைக்கு மாற்றினேன். பிறகு பார்த்தால் ஃபைபரிலும் அதே 100 இலக்கம். வாடிக்கையாளர் சேவைக்கு எடுத்து "எனக்கு பப்ளிக் ஐபி வேணும்" என்று கேட்டேன், அதாவது மற்றவர்களோடு பங்குபோடாத வெளி முகவரி. "வொய்ஸ் சாட் வேலை செய்யுதில்லை" என்று சொன்னபோதெல்லாம் ரவுட்டரை ரீசெட் பண்ணச் சொன்னவர்கள், இந்தச் சொல்லைச் சொன்னதும் இரண்டு நாளில் மாற்றித் தந்தார்கள். மாதம் ஒரு சிறு தொகை கூடுதல். அன்று இரவு நாட் டைப் 2. மட்டக்களப்பு மச்சானின் குரல் முதல்முறையாகத் தம்பி இல்லாமல் நேரே என் காதில் விழுந்தது. "டேய், இவ்வளவு நாளும் நீயா கதைச்சனி?" என்று கேட்டான். அன்று நாங்கள் விளையாடவில்லை, கதைத்துக்கொண்டே இருந்தோம்.

2022 இல் மின்வெட்டு. மார்ச் கடைசியில் ஒரு நாளைக்கு 13 மணித்தியாலம் வரை போனது எல்லோருக்கும் ஞாபகம் இருக்கும். ஒவ்வொரு தரமும் ரவுட்டர் நின்று எழும்பியதும் பார்ட்டியில் குரல் மட்டும் வராது, கொன்சோலை முழுதாக நிறுத்திப் போட்டால்தான் வரும். ரவுட்டருக்கென்று ஒரு சின்ன 12 வோல்ட் யூபிஎஸ் (கரண்ட் போனாலும் ஓடவைக்கும் பற்றரிப் பெட்டி) வாங்கினேன். இந்த ஆறு வருடத்தில் நான் செலவழித்ததில் மிகவும் பெறுமதியானது அதுதான். இப்போதும் கரண்ட் கண் சிமிட்டினால் ரவுட்டர் அசையாது.

அப்புறம் இயந்திரக் குரல். தம்பிக்கு என் சத்தம் நடுநடுவே வெட்டி, தகர டப்பாவுக்குள் இருந்து வருவதுபோல் கேட்கும். இரவு பத்துக்குப் பிறகு மட்டும். குரலுக்குத் தேவைப்படும் டேட்டா மிகக் குறைவு, ஆனால் அது தடங்கல் இல்லாமல் போக வேண்டும். பத்து மணிக்கு வீட்டில் எல்லோருடைய போனும் சார்ஜில் ஏறும், அன்றைய படங்களும் வீடியோவும் மேலே ஏறத் தொடங்கும், ஏற்றும் பாதை அடைபட்டுவிடும். போன்களில் அந்தத் தானியங்கிப் பதிவேற்றத்தை சனி இரவுகளில் நிறுத்தி வைத்தோம். கொன்சோலுக்கு வைஃபையை விட்டு லான் கேபிள் இழுத்தேன். கேபிள் இழுக்க முடியாவிட்டால் வைஃபையின் 2.4 கிகாஹேர்ட்ஸ் அலைவரிசையை விட்டு 5 இல் சேருங்கள், கொன்சோல் ரவுட்டருக்குக் கிட்ட இருந்தால் மட்டும்.

2023 இல் பிஎஸ்5. கொன்ட்ரோலரிலேயே மைக் இருக்கிறது, நடுவில் மியூட் பொத்தான். செம்மஞ்சள் விளக்கு எரிந்தால் உங்கள் சத்தம் போகாது. தெரியாமல் விரல் பட்டு மியூட் ஆவதுதான் புதிதாக வாங்கியவர்களுக்கு முதல் பிரச்சினை. அதை நீட்டி அமத்தினால் மைக்கோடு சேர்த்து வரும் சத்தமும் நின்றுவிடும், பழுது என்று பயப்பட வேண்டாம். கச்சான் அடிக்கும் மாதங்களில் மின்விசிறியை முழு வேகத்தில் போடாமல் இருக்க முடியாது, அந்தக் காற்று கொன்ட்ரோலர் மைக்கில் விழுந்தால் மற்றவர்களுக்குக் கடல் இரைவது மாதிரிக் கேட்கும். விசிறிக்கு நேர் கீழே இல்லாமல் சுவரோரம் இருந்தால் போதும்.

லண்டனில் இருக்கும் மச்சாள் கணினியில் விளையாடுகிறவள். பிளேஸ்டேஷன் பார்ட்டிக்குள் அவளால் வர முடியாது. 2023 மார்ச்சில் பிஎஸ்5க்கு டிஸ்கோர்ட் (கணினியிலும் கதைக்கப் பயன்படும் செயலி) குரல் வந்ததும் அந்தக் குறையும் தீர்ந்தது. பார்ட்டியில் இருக்கும்போது விளையாட்டுக்குள் இருக்கும் சாட் கேட்காது என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். "உள்ளுக்குள்ள கதைக்கிறன், ஒருத்தருக்கும் கேக்கேல்ல" என்பவர்கள் முதலில் பார்ட்டியை விட்டு வெளியே வந்து பாருங்கள்.

அக்காவின் மகனுக்கு வேறு கதை. பட்டை அசைகிறது, நாட் டைப் 2, ஆனால் பார்ட்டியில் அவன் குரல் இல்லை. அவனுடையது சிறுவர் கணக்கு. அக்காவின் கணக்கில் குடும்ப நிர்வாகத்துக்குள் போய், அவன் பெயரில் தொடர்பாடல் கட்டுப்பாட்டைத் தளர்த்தியதும் சரி வந்தது. யாரோடு கதைக்கிறான் என்று அக்கா பார்த்துக்கொள்கிறா, அதுவும் வேண்டும்.

இப்போது சனிக்கிழமைகளில் ஒன்பதரைக்கு ஹெட்செட் பெட்டிக்குள்ளேயே கிடக்கும். அம்மா தேத்தண்ணியோடு வந்து பக்கத்தில் இருந்துவிடுவா. டிவி சத்தத்தைப் பாதிக்குக் குறைத்தால் எதிரொலி வராது, கொன்ட்ரோலரை அம்மா பக்கம் கொஞ்சம் சரித்துப் பிடித்தால் அவ கதைப்பது தெளிவாகப் போகும். போன கிழமை தம்பி கோல் வாங்கிக்கொண்டே சொன்னான், "அம்மா, வீட்டுப் பல்லி சொல்றது கூட இங்க கேக்குது."