துங்குவா லீயா, எங்க மேசைல முடியாத சண்டை

மலேசியால, பினாங்கு லிட்டில் இந்தியால தே தாரிக்கோட (நம்ம ஆத்துன பால் டீதான்) உக்காந்தா என்னைக்காவது இந்த சண்டை வந்தே தீரும், மலேசியாவோட முதல் பிரதமர் துங்கு அப்துல் ரஹ்மான் பெரிய ஆளா, சிங்கப்பூரோட முதல் பிரதமர் லீ குவான் யூ பெரிய ஆளான்னு. உடனே ஒருத்தர் சிங்கப்பூர் டாலர் ரேட்டை எடுத்துப் போடுவாரு. அத விடுங்க லா, ஆளைப் பாப்போம்.

ரெண்டு பேரும் கேம்பிரிட்ஜ். லீ சட்டத்துல டபுள் ஃபர்ஸ்ட், அதாவது ரெண்டு கட்டத்துலயும் முதல் வகுப்பு. நம்ம துங்கு, கெடா சுல்தான் மகன், இங்க பினாங்கு ஃப்ரீ ஸ்கூல்ல படிச்சவரு, 1925-லயே டிகிரி வாங்கிட்டு வக்கீல் பரீட்சைய ஒருவழியா முடிச்சது 1949-ல, வயசு 46. குதிரை ரேஸ், சீட்டு, கால்பந்து, சமையல், எதையும் விடல மனுஷன். ஆனா இதே ஆளுதான் மலாய், சீனர், இந்தியர்னு மூணு இனத்தையும் ஒரே கூட்டணில உக்கார வச்சு 1955 தேர்தல்ல 52-க்கு 51 சீட் தூக்குனாரு. அதுக்கு மார்க் ஷீட் உதவாது.

தமிழனா பாத்தாதான் எனக்கு கணக்கு குழம்புது. லீ தமிழை ஆட்சி மொழியாவே வச்சாரு, ஆனா அங்க கடைசி தமிழ் மீடியம் பள்ளி 1982-ல மூடியாச்சு. இங்க மலேசியால ஆட்சி மொழி அந்தஸ்து இல்ல, தமிழ்ப்பள்ளி மட்டும் ஐநூறுக்கு மேல நிக்குது. அதுக்காக துங்குவ தூக்கி வச்சு ஆடவும் முடியல, அவர் காலத்து 1968 சட்டத்தாலதான் சிவப்பு ஐசிக்காரங்களுக்கு (குடியுரிமை இல்லாதவங்களோட அடையாள அட்டை அது) வேலை பெர்மிட் கட்டாயமாச்சு, தோட்டத்துல ரப்பர் பால் வெட்டிட்டு இருந்த எத்தனையோ ஆயிரம் பேரு அது கிடைக்காம கப்பல் ஏறுனாங்க.

லீ எதிரிங்கள விசாரணை இல்லாம உள்ள போட்டாரு, எதிர்க்கட்சிக்காரர் ச்சியா தை போ 1966-ல போயி 1989 வரைக்கும் உள்ள. உண்மைதான், ஆனா அப்படி உள்ள போட உதவுன ஐஎஸ்ஏ, அதாவது உள்நாட்டுப் பாதுகாப்புச் சட்டம், 1960-ல துங்கு அரசு கொண்டு வந்தது, அத யாரும் மேசைல சொல்றதில்ல.

என் ஈபிஎஃப் (ஓய்வுக்கால சேமிப்பு) காச யார்கிட்ட குடுப்பேன்னு கேட்டா லீகிட்டதான், யோசிக்கவே மாட்டேன். ஆனா மனசு துங்கு பக்கம்தான், காரணம் பதவி போனதுக்கு அப்புறம் இருந்த விதம். லீ 1990-ல பிரதமர் நாற்காலிய விட்டும் 2011 வரைக்கும் கேபினட்லயே இருந்தாரு. துங்கு 1970-ல இறங்கி பினாங்கு வந்து, ஸ்டார்ங்கிற இங்கிலீஷ் பேப்பர்ல பத்தி எழுத ஆரம்பிச்சு, தான் தலைவரா இருந்த கட்சி நடத்துற அரசாங்கத்தையே வாங்கு வாங்குன்னு வாங்குனாரு. 1987-ல அந்த பேப்பருக்கே லைசென்ஸ் புடுங்கிட்டாங்க, அப்ப அவருக்கு 84.