ஸ்டெல்லேரியம்: வன்னியில் பத்து வருடம் நீடித்த பழைய நேரத்துக்கு எப்படி அமைப்பது?

ஒரு கணினிக்குள் அடங்கும் வானகம் இது. இலவசம், திறந்த மூல மென்பொருள். ஃபாபியன் ஷெரோ 2000இல் தொடங்கிய திட்டம், 1.0 பதிப்பு 2022 ஒக்டோபரில் வந்தது. நேற்றைய வானத்தையும் பார்க்கலாம், கி.பி. 14000இல் வேகா வடதுருவத்துக்குக் கிட்ட நிற்கும் வானத்தையும் பார்க்கலாம். வன்னியில் பாவிக்க விரும்புவோருக்கு எங்கள் தீர்ப்பு: தயங்காமல் இறக்குங்கள், ஆனால் இடத்தையும் நேர வலயத்தையும் கையால் கொடுக்காமல் எதையும் நம்ப வேண்டாம்.

முதலில் இடம். இணைய முகவரியைப் பார்த்துத்தான் மென்பொருள் தானாக இடம் பிடிக்கிறது. டொங்கிளில் இணைந்தால் பெரும்பாலும் கொழும்பு என்று எடுத்துக்கொள்ளும். எஃப்6 அழுத்தி, வலையமைப்பிலிருந்து இடம் பெறும் தெரிவை எடுத்துவிட்டு, கிளிநொச்சிக்கு வடக்கு 9 பாகை 23 கலை, கிழக்கு 80 பாகை 24 கலை என்று கொடுத்து, அதையே இயல்பு இடமாகச் சேமியுங்கள். கொழும்பிலேயே விட்டால் துருவ நட்சத்திரம் இரண்டரைப் பாகை தாழ்வாகத் தெரியும். கிளிநொச்சியில் அதன் உயரமே ஒன்பது பாகைதான், பனைகளுக்குப் பின்னால் மறைகிற உயரம். தொடக்கத்தில் வரும் நிலக்காட்சியும் பிரான்சின் ஒரு கிராமத்தினது. அந்த வீடுகளும் மரங்களும் எங்கள் அடிவானத்தை வீணாக மறைக்கும். எஃப்4இல் நிலக்காட்சிப் பகுதிக்குப் போய் வெறும் அடிவானத்தைத் தெரிவுசெய்யுங்கள், அல்லது ஜி அழுத்தித் தரையையே நீக்குங்கள்.

அமைப்பு சரியா என்று பார்க்க ஒரு தடி போதும். ஏப்ரல் 15ஐ அண்டி, சித்திரைப் புதுவருடத்தோடு, சூரியன் கிளிநொச்சிக்கு நேர் உச்சியில் வரும். அன்று நண்பகல் 12:00 அல்ல, 12:08. எங்கள் மணிக்கூடு 82.5 பாகைக் கிழக்கு நெடுங்கோட்டுக்கு ஓடுகிறது, கிளிநொச்சி அதற்கு 2.1 பாகை மேற்கே இருக்கிறது, ஒரு பாகைக்கு நான்கு நிமிடம். முற்றத்தில் செங்குத்தாக நட்ட தடியின் நிழல் காலடியில் ஒடுங்குகிற நிமிடமும் திரையில் சூரியன் உச்சிக்கு வருகிற நிமிடமும் ஒன்றாக இருக்க வேண்டும்.

இனி நேரம். இலங்கையின் மணிக்கூடு 1996 மே 25இல் கிரீன்விச்சுக்கு 6:30 முன்னும், அதே வருடம் ஒக்டோபர் 26இல் 6:00 முன்னும் மாற்றப்பட்டது. 2006 ஏப்ரல் 15இல் திரும்பவும் 5:30 ஆனது. புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்த வன்னி 1996இன் மாற்றத்தை ஏற்கவில்லை. பழைய நேரத்திலேயே இருந்தது. ஆகவே 1996 இறுதியிலிருந்து 2006 வரை புலிகளின் பகுதியில் ஒரு நேரம், அரசாங்கப் பகுதியில் அரை மணி முன்னால் ஓடிய இன்னொரு நேரம். அதே சூரியன், இரண்டு மணிக்கூடு. மென்பொருளுக்கு இது தெரியாது. ஏஷியா/கொலம்போ வலயத்தில் 2003ஆம் ஆண்டைக் கொடுத்தால் அது அரசாங்கத்தின் நேரத்தையே எடுக்கும். சில கணினிகளில் பழைய வலயத் தரவே இல்லாததால் 5:30ஐயும் எடுக்கக்கூடும். கீழ்ப் பட்டியில் யூடிசி+ என்று, அதாவது கிரீன்விச்சுக்கு எவ்வளவு முன் என்று, எழுதியிருப்பதைப் பாருங்கள்.

திருத்துவது சுலபம். எஃப்6 பெட்டியில் தனிப்பயன் நேர வலயத்தைத் தெரிவுசெய்து, பழைய நேரத்தில் குறித்த மணிகளுக்கு ஏஷியா/கொல்கத்தா கொடுங்கள்; இந்தியாவில் அந்த ஆண்டுகள் முழுதும் 5:30தான். வவுனியா நகரம் போலப் புதிய நேரத்தில் இருந்த ஊர்களுக்கு ஏஷியா/டாக்கா. 1996இன் அந்த ஐந்து மாதத்துக்கு மட்டும் ஏஷியா/யாங்கோன். ஒரே ஊர் அந்தப் பத்து வருடத்தில் பக்கம் மாறியிருக்கலாம் என்பதால், ஊரின் பெயரோடு திகதியையும் பாருங்கள். வேலை முடிந்ததும் வலயத்தைத் திருப்பி வைக்க மறக்க வேண்டாம்.

அந்தக் காலத்தில் பிறந்த பிள்ளைகளின் சாதகத்துக்கு இது பெரிய விஷயம். அடிவானத்தில் உதிக்கும் ராசி இரண்டு மணிக்கு ஏறத்தாழ 30 பாகை நகரும். அரை மணிப் பிழை லக்கினத்தை ஏழரைப் பாகை தள்ளிவிடும், ஒரு ராசியின் கால்பங்கு. சந்திரன் கால் பாகைதான் நகரும் என்பதால் நட்சத்திரம் பெரும்பாலும் தப்பிவிடும். ஆனால் திரையில் தெரியும் விண்மீன் குழுக்களின் எல்லைகளைச் சாதக ராசியாக வாசிக்கக் கூடாது. அவை ஒரே அளவான 30 பாகைத் துண்டுகள் அல்ல.

நேரத்தை ஓட்டுவது எளிது. எல் வேகம் கூட்டும், ஜே குறைக்கும், கே இயல்பு, 7 நிறுத்தும், 8 இப்போதைக்குக் கொண்டுவரும். 2010 ஜனவரி 15 கங்கண சூரிய கிரகணத்தை ஓட்டிப் பாருங்கள். வவுனியாவில் பிற்பகல் ஒன்றரை மணியளவில் வளையம் பல நிமிடம் நிற்பது மிக அழகு. மிகப் பழைய கிரகணங்களில் கவனம் தேவை. 1582க்கு முந்திய திகதிகள் ஜூலியன் நாட்காட்டியில் வரும், கி.மு. 100 என்பதற்கு -99 என்று கொடுக்க வேண்டும். பூமியின் சுழற்சி மெல்லக் குறைந்து வருவதால் கி.பி. தொடக்கத்துக்குப் போகும்போதே ஏறத்தாழ மூன்று மணித் திருத்தம் சேர்ந்துவிடுகிறது. அந்தத் திருத்தத்துக்குப் பல கணிப்பு முறைகள் தரப்பட்டுள்ளன, முறையை மாற்றினால் கிரகணம் தெரிந்த ஊரும் மாறலாம்.

இறக்கும் பக்கத்தில் க்யூடி5, க்யூடி6 என்று, அடியில் இருக்கும் நிரல் நூலகத்தின் பெயரால், இரண்டு பதிப்புகள் உண்டு. விண்டோஸ் 7 ஓடும் பழைய மடிக்கணினிக்கு க்யூடி5 பதிப்பை இறக்குங்கள், க்யூடி6 அதில் ஓடாது. இரவில் வெளியே கொண்டுபோனால் கண்ட்ரோல்+என் திரையைச் சிவப்பாக்கும், கண் இருளுக்குப் பழகியபடியே இருக்கும்.