ஃபவுண்டன்: ஒரு சீரியல் எழுத்தாளரின் இரண்டு வருட அனுபவம்

பதினான்கு வருடமாகத் தொலைக்காட்சித் தொடர்களுக்கு எழுதுகிறேன். முதலில் இன்னொருவரின் வசனத்தைப் பிரதியெடுக்கும் உதவியாளர், பிறகு வசனகர்த்தா, இப்போது திரைக்கதை. எழுதியதில் பாதி இன்று என் கையில் இல்லை. காசு கொடுத்து வாங்கிய ஒரு மென்பொருளில் முதல் ஆறு வருட வேலையும் இருந்தது. ஒரு தொடரின் ஒன்லைன், அதாவது கதைச் சுருக்கம், என்னுடையதுதான் என்று காட்ட வேண்டிய நாளில், அந்த மென்பொருளின் புதிய பதிப்பு அந்தப் பழைய கோப்புகளைத் திறக்கவே மறுத்துவிட்டது. டைட்டிலில் வேறொருவர் பெயர் போனது.

அதற்குப் பிறகுதான் ஃபவுண்டனுக்கு வந்தேன். இது மென்பொருள் அல்ல, எழுதும் முறை. திரைக்கதை எழுத்தாளர் ஜான் ஆகஸ்டும் ஸ்டூ மாஷ்விட்ஸும் சேர்ந்து 2012-இல் வெளியிட்டது, இலவசம். வெறும் எழுத்துக் கோப்பில் தட்டச்சு செய்தால் போதும். எந்தக் கணினியிலும் திறக்கும், கைப்பேசியிலும் திறக்கும். இதைப் படிக்கத் தெரிந்த செயலியில் போட்டால் முறையான சீன் பேப்பராக, படப்பிடிப்பில் கையில் கொடுக்கும் காட்சித் தாளாக, வந்துவிடும்.

தமிழில் எழுதுகிறவர்கள் கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. ஆங்கிலத்தில் பாத்திரத்தின் பெயரைப் பெரிய எழுத்தில் அடித்தால் அடுத்த வரி வசனம் என்று இது புரிந்துகொள்ளும். நமக்கு ஏது பெரிய எழுத்து? ஒவ்வொரு பெயருக்கு முன்னாலும் ‘@’ குறி போட வேண்டும். காட்சித் தலைப்பு என்றால் வரியின் தொடக்கத்தில் ஒரு புள்ளி. முதல் வாரம் ஓரிடத்தில் மறந்துவிட்டேன். மாமியாரின் முக்கியமான வசனம் காட்சி விவரணையாக அச்சாகி, படப்பிடிப்பில் அவர் வாயே திறக்காமல் நின்றார். இயக்குநர் அந்த மௌனம் பிடித்துப்போய் அப்படியே எடுத்துவிட்டார் என்பது வேறு கதை.

இன்னொரு குறை, பக்கக் கணக்கு. கூரியர் எழுத்துருவில் 12 புள்ளி அளவில் ஒரு பக்கம் திரையில் ஏறக்குறைய ஒரு நிமிடம் என்பார்கள். அந்த எழுத்துருவில் தமிழ் கிடையாது. செயலி வேறொரு தமிழ் எழுத்துருவை எடுத்துக்கொள்வதால் பக்கம் வீங்குகிறது. நான் பக்கத்தை எண்ணுவதை விட்டுவிட்டு, வசனத்தை வாய்விட்டுப் படித்துக் கடிகாரம் பார்க்கிறேன்.

பிடித்தது, இரட்டைச் சதுர அடைப்புக்குள் எழுதும் குறிப்பு. ‘சேனல் இந்தக் காட்சியை ஒப்புக்கொள்ளாது, மாற்று யோசனை வை’ என்று எனக்கு நானே எழுதிக்கொள்வேன். அச்சிடும்போது அதை மறைத்துவிடலாம். மறைக்க மறந்து அனுப்பிய எபிசோடும் ஒன்று உண்டு. சேனலிலிருந்து ஒரே வரியில் பதில் வந்தது: மாற்று யோசனையை அனுப்பவும்.