கொழிஞ்சாம்பாறை வக்கீல் அலுவலகம்: அண்ணனின் மோசடி வழக்கில் எங்களுக்குக் கிடைத்த ஆலோசனை

அரிசி ஆலையில் 19 ஆண்டுகள் கணக்கெழுதிய என் அண்ணன் மீது, இந்திய தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதாவின் 318(4), 316(4) பிரிவுகளின் கீழ், அதாவது ஏமாற்றுதல், ஊழியராக இருந்து நம்பிக்கை மோசடி செய்தல் என்ற குற்றச்சாட்டுகளில் வழக்கு நடக்கிறது. பாலக்காடு மாவட்டத்தின் இந்தக் கிழக்கு ஓரத்தில் வழக்குத் தாள்கள் மலையாளத்தில் வந்தாலும், வரிக்கு வரி தமிழில் விளக்கிச் சொல்லும் வக்கீல் கிடைத்ததே எங்களுக்குப் பெரிய ஆறுதல். வழக்கு முடியாததால் அவர் பெயரை எழுதவில்லை.

முதல் நாள், அண்ணனின் நேர்மைக்குச் சாட்சி சொல்ல 14 பேரின் பட்டியலையும், கோயில் கமிட்டி முதல் தலைமையாசிரியர் வரை கொடுத்த கடிதக் கட்டையும் எடுத்துச் சென்றோம். அவர் எல்லாவற்றையும் பொறுமையாகப் படித்தபின், எழுதியவர் கூண்டேறிச் சொல்லாத கடிதம் சாட்சியமாகாது என்று கட்டைத் திருப்பிக் கொடுத்தார். குற்ற வழக்கில் குற்றஞ்சாட்டப்பட்டவரின் நன்னடத்தையை நீதிமன்றம் கருத்தில் கொள்ளலாம் என்பதை, 1872ஆம் ஆண்டு இந்தியச் சாட்சியச் சட்டத்தின் 53ஆவது பிரிவு சொன்னதையே, இப்போது அதற்குப் பதிலாக வந்த பாரதிய சாக்ஷிய அதிநியத்தின் 47ஆவது பிரிவு சொல்கிறது. ஏமாற்றும் எண்ணம் தொடக்கத்திலேயே இருந்ததா என்பதுதான் 318இல் முக்கியக் கேள்வி. மனத்துக்குள் இருந்ததைப் பற்றிய கேள்வி என்பதால் ஒருவருடைய இயல்புக்கு அங்கே இடம் உண்டு.

ஆனால், பேருந்தில் கிடந்த நகைப் பையை அண்ணன் உரியவரிடம் ஒப்படைத்ததைத்தான் முதலில் சொல்ல வேண்டும் என்று என் அம்மா பிடிவாதமாக இருந்தார். "அம்மா, ஊரில் இவருக்குப் பொதுவாக என்ன பெயர், எப்படிப்பட்ட சுபாவம் என்பதை மட்டும்தான் சாட்சி சொல்லலாம், தனித்தனிச் சம்பவங்களைச் சொல்லச் சட்டம் விடாது" என்று வக்கீல் சொன்னபோது அம்மாவுக்கு வருத்தம்தான்.

அடுத்து அவர் எங்களையெல்லாம் வெளியே அனுப்பிவிட்டு அண்ணனிடம் தனியாகப் பேசினார். நாம் நன்னடத்தையைப் பேசாதவரை அரசுத் தரப்பு கெட்ட நடத்தையைக் கிளற முடியாது. பேசிவிட்டால், அதே சாக்ஷிய அதிநியத்தின் 49ஆவது பிரிவின்படி அவர்கள் பதிலுக்கு அதை நிரூபிக்கலாம், சாட்சிகளைக் குறுக்கு விசாரணையும் செய்யலாம். பல ஆண்டுகளுக்கு முந்தைய ஒரு சீட்டுப் பணத் தகராறு அந்த அறையில்தான் வெளிவந்தது. அதை மறைத்துக்கொண்டு 14 பேரைக் கூண்டில் ஏற்றியிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று நினைத்தால் இன்றும் எனக்குப் பதறுகிறது. இந்த அலுவலகத்தை நான் பரிந்துரைப்பதற்கு அந்த அரைமணி நேரமே முதல் காரணம்.

எங்களுக்கு வீண் நம்பிக்கையும் அவர் தரவில்லை. ஆயுள் காப்பீட்டு நிறுவனத்தின் பணத்தை மோசடி செய்த பகவான் சுவரூப் வழக்கில், நன்னடத்தைச் சாட்சியம் மிகவும் வலுக்குறைந்தது, குற்றத்தை நிறுவும் நேரடிச் சான்றை அது மிஞ்சாது, ஐயத்துக்கிடமான வழக்கில் மட்டும் தராசைச் சற்றுச் சாய்க்கலாம் என்று உச்ச நீதிமன்றம் சொன்னதை எடுத்துக்காட்டினார்.

குறைகளும் உண்டு. நேரம் குறித்துப் போனாலும் இரண்டு மணி நேரம் காத்திருக்க வேண்டியிருக்கிறது. குமாஸ்தாவுக்கான செலவைத் தொடக்கத்திலேயே சொல்லியிருக்கலாம்.

இப்போது இரண்டே பெயர்கள் பட்டியலில் இருக்கின்றன. அரசுத் தரப்புச் சாட்சிகள் முடிந்த பிறகே அவர்களை அழைப்பதா என்று முடிவுசெய்யலாம் என்றிருக்கிறார். அதுவரை ரொக்கப் புத்தக நகல்களைப் பக்கம் பக்கமாகச் சரிபார்க்கும் வேலையை அண்ணனிடம் ஒப்படைத்திருக்கிறார்.