அல்கோடூவும் அந்தக் காற்று பொத்தானும்

அல்கோடூ என்பது வட்டம், பெட்டி என்று வரைந்து அவை விழுவதையும் மோதுவதையும் திரையில் பார்க்க உதவும் இரு பரிமாண இயற்பியல் மென்பொருள். அதில் புதுக் காட்சி திறந்தால் காற்று உராய்வு தானாகவே வேலை செய்துகொண்டிருக்கும். எத்தனை வருடம் ஆகியும் எனக்கு இந்த எரிச்சல் தீரவில்லை. நம் தென்னாப்பிரிக்க 12ஆம் வகுப்பு வினாத்தாளில் மேலே எறிகிற, கீழே போடுகிற கணக்கைப் பாருங்கள்: ‘காற்று உராய்வைப் புறக்கணிக்கவும்’ என்றுதான் போட்டிருக்கும். டர்பனின் சாட்ஸ்வொர்த்தில் என் சனிக்கிழமை வகுப்புப் பிள்ளை ஒரே அளவில் இரண்டு வட்டம் வரைகிறாள், ஒன்றின் அடர்த்தியைக் கூட்டுகிறாள், சேர்த்து விழ விடுகிறாள். கனமானது முந்திப் போகிறது! கனமான பொருள்தான் வேகமாக விழும் என்ற நினைப்பை அவள் மனதிலிருந்து எடுக்கத்தான் நான் பாடுபடுகிறேன். திரை அதையே சரியென்று காட்டுகிறது. கீழே இருக்கும் பொத்தானை அணைத்தால் இரண்டும் ஒன்றாகத் தரை தொடும். அதைச் சொல்லப் பக்கத்தில் ஓர் ஆள் வேண்டுமே. காற்று இருப்பதுதான் நிஜ உலகம் என்பது நியாயமான பேச்சு. இருந்தாலும், முதல்முதலில் பார்க்கிற பிள்ளைக்கு அது உதவவில்லை.

அல்கோடூவில் அடர்த்தி சதுர மீட்டருக்கு இத்தனை கிலோ என்று வரும். இரு பரிமாணத்தில் வேறு எப்படி வரும்? அதில் எனக்குக் குறையில்லை.

இதை விடாமல் வைத்திருப்பது அந்த வரைபடத்துக்காக. பந்தின் மேல் வலது கிளிக் செய்து, செங்குத்துத் திசைவேகத்தைத் தேர்ந்தெடுத்தால், பந்து துள்ளத் துள்ளக் கோடு கூடவே ஓடும். மெட்ரிக்கில், அதாவது 12ஆம் வகுப்பில், நல்ல பிள்ளைகளும் தடுமாறுகிற இடம் இது. “உச்சியில் பந்து நிற்கிறதே, அப்போது முடுக்கம் பூஜ்ஜியம்தானே சார்?” என்பார்கள். காற்றை அணைத்துவிட்டுப் பாருங்கள். ஏறும்போதும் இறங்கும்போதும் கோட்டின் சரிவு அதே −9.8. உச்சியில் கோடு வளைவதில்லை, தயங்குவதில்லை, பூஜ்ஜியத்தை நேராக வெட்டிக்கொண்டு இறங்குகிறது. தரையில் மோதும் கணத்தில் மட்டும் கீழிருந்து மேலே பாய்கிறது. துள்ளும் தன்மையைக் கூட்டினால் அந்தப் பாய்ச்சல் நீளும், சரிவு அசையாது. நான் பலகையில் வரைந்து புரியவைக்க முடியாததைப் பிள்ளைகள் இதில் தாமாகவே கண்டுகொள்கிறார்கள். அந்த முகங்களைப் பார்க்கும்போது வரும் சந்தோஷம் பெரிது.

சுவீடனில் உமியோ பல்கலைக்கழகத்து மாணவர் எமில் எர்னர்ஃபெல்ட் தன் முதுகலை ஆய்வுக்காக எழுதியது இது. 2008இல் ‘ஃபன்’ (Phun) என்ற பெயரில் வந்தது. கணினிக்கு இப்போது இலவசம். ஓட்டுவதற்கு இணையமும் வேண்டாம். 2023இல் லோட் ஷெடிங் (முறைவைத்த மின்வெட்டு) ஆட்டிப்படைத்தபோது லேப்டாப் பேட்டரியை வைத்தே வகுப்பை நடத்தினோம்.

மெட்ரிக் எழுதும் மகனுக்குப் போட்டுக் கொடுக்கலாமா என்று ஓர் அக்கா கேட்டிருந்தார். வேண்டாம் அக்கா. இந்த வருடம் அவன் பழைய வினாத்தாள்களைப் போட்டுப் பார்க்கட்டும். எட்டாவது படிக்கும் சின்னவளுக்கு இன்றைக்கே போட்டுக் கொடுங்கள், முதல் நாள் மட்டும் காற்றை நீங்களே அணைத்துவிடுங்கள்.