சாவி கொடுத்து ஓட்டும் கேமராவில் முழுநீளப் படம்: பொலெக்ஸ் எச்16 ரிஃப்ளெக்ஸ்

சொந்தக் காசைப் போட்டு 16 எம்எம்மில் பேய்ப்படமோ மாயாஜாலப் படமோ எடுக்கத் துணியும் தயாரிப்பாளருக்கு, பழைய பொலெக்ஸ் எச்16 ரிஃப்ளெக்ஸ் அருமையான கேமரா. ஆனால் வசனம் முழுவதையும் டப்பிங்கில் வைத்துக்கொள்ளத் தயாராக இருக்க வேண்டும். அது போடும் சத்தத்தில் நேரடி ஒலிப்பதிவு நடக்காது. சுருள்வில்லில் ஓடுவதால் வேகமும் துல்லியமாக நிற்காது. தனியே பதிந்த வசனத்தோடு சேர்த்தால் கொஞ்ச நேரத்தில் உதடசைவு விலகிவிடும்.

1992இல் வந்த ‘எல் மரியாச்சி’ படத்தை இயக்குநர் ராபர்ட் ரோட்ரிகஸ் சுமார் 7,000 டாலரில் முடித்தார். அவர் கையில் இருந்த ஆரிஃப்ளெக்ஸ் 16எஸ்ஸும் சத்தக் கேமராதான். ஷாட் முடிந்ததும் நடிகர்களை மறுபடி பேசவைத்துத் தனியாகப் பதிந்துகொண்டார். உதடு ஒட்டாத இடத்தில் வேறு ஷாட்டுக்கு வெட்டினார். பொலெக்ஸுக்கும் இதே வழி பொருந்தும்.

முழுச் சாவிக்கு 16.5 அடி ஓடும், அதாவது 24 ஃபிரேம் வேகத்தில் சுமார் 27 நொடி. உங்கள் ஷாட்டுகள் எல்லாம் இதற்குள் அடங்க வேண்டும். 100 அடி ரோல் 2 நிமிடம் 46 நொடி வரும். 90 நிமிடப் படத்துக்கு 3,240 அடி. ஷாட்டுக்கு மூன்று டேக் என்றால் 9,720 அடி, கிட்டத்தட்ட 98 ரோல். ஃபிலிம், டெவலப்பிங், ஸ்கேனிங் மூன்றின் விலையையும் கூட்டி 98ஆல் பெருக்கிப் பார்த்துவிட்டு, அப்புறம் கேமராவுக்கு விலை பேசுங்கள்.

இந்தக் கேமராவின் பெருமை தந்திரக் காட்சிகளில்தான். ஃபிரேம் எண்ணி இருக்கிறது, ஃபிலிமைப் பின்னோக்கிச் சுற்றலாம், ஃபிலிமுக்கு ஒளியை விடும் ஷட்டரை ஓடும்போதே மூடித் திறக்கலாம். ஒரு காட்சி மங்க அடுத்தது அதன் மேலேயே தெளியும் டிசால்வ் வேண்டுமா? கடைசி 48 ஃபிரேமில் ஷட்டரை மெல்ல மூடுங்கள். சுருள்வில் மோட்டாரைத் துண்டித்து, கைப்பிடியால் 48 ஃபிரேம் பின்னால் சுற்றுங்கள். அடுத்த ஷாட்டை ஷட்டரை மெல்லத் திறந்தபடி தொடங்குங்கள். ஆவி வர வேண்டுமென்றால் ஒரே ஃபிலிமில் இரண்டு முறை எடுக்கலாம். இரண்டுக்கும் ஒரு ஸ்டாப், அதாவது ஒளியைப் பாதியாக, குறைத்து வையுங்கள். ஆவியைக் கறுப்புத் திரை முன் எடுத்தால் குறைக்கத் தேவையில்லை. லேபுக்கோ கிராஃபிக்ஸுக்கோ தனிச் செலவு கிடையாது.

அதே ஷட்டர்தான் பெரிய ஆபத்தும். வியூஃபைண்டருக்கு ஒளி பிரிக்கும் பிரிசம் ஷட்டருக்கு முன்னால் இருக்கிறது. அதனால் ஷட்டர் மூடியிருந்தாலும் காட்சி பளிச்சென்று தெரியும். ரோல் முழுக்க வெற்றாக வந்த பிறகுதான் விஷயம் புரியும். ஒவ்வொரு டேக்குக்கும் முன் ஷட்டர் நெம்புகோலை விரலால் தொட்டுப் பாருங்கள். பிரிசம் ஒளியையும் கொஞ்சம் தின்னும். 24 ஃபிரேமில் லைட் மீட்டரை 1/80 நொடிக்கு வைப்பது வழக்கம்.

ஒளிக்கசிவுக்கு இரண்டு இடங்கள் உண்டு. லென்ஸுக்குப் பின்னால் உள்ள ஃபில்டர் பிளவில் காலித் தகடாவது செருகியிருக்க வேண்டும். கண்ணை எடுத்துவிட்டு ஓட்டினால் வியூஃபைண்டரை மூட வேண்டும்.

லென்ஸ் வாங்கும்போது 50 எம்எம்மும் அதற்குக் குறைவானவையும் ஆர்எக்ஸ் குறியோடு இருக்கட்டும். பிரிசக் கண்ணாடியைக் கணக்கில் கொண்டு செய்யப்பட்டவை அவை. இந்தக் கேமராவில் திருகி மாட்டும் வகையான சி-மவுண்டில் சாதாரண லென்ஸை முழுதாகத் திறந்தால் படம் மழுங்கும். ரிஃப்ளெக்ஸ் அல்லாத, அதாவது வியூஃபைண்டரில் லென்ஸ் வழியே பார்க்க முடியாத, மிகப் பழைய மாடல்கள் மலிவாகக் கிடைத்தாலும் வேண்டாம்: அவற்றில் பல இரு ஓரங்களிலும் துளையிட்ட ஃபிலிமை மட்டுமே ஏற்கும், ஒரு ஓரத்தில் மட்டும் துளையுள்ளது ஓடாது.

ஃபிலிம் தானாக ஏறும். முனையைக் கேமராவிலுள்ள கத்தியில் வெட்டி, ஃபிலிமைத் தளர்வான வளையமாக (லூப்) வளைக்கும் வளைப்பான்களை மூடி, ஓடவிட்டால் போதும். ஏறியதும் வளைப்பான்கள் திறந்தனவா என்று பாருங்கள். மூடியே கிடந்தால் கீறல் விழும். லூப் சுருங்கினால் படம் குதிக்கும்.

விற்பவரிடம் பணம் முழுவதையும் கொடுக்கும் முன் ஒரு ரோலைச் சோதனைக்குச் செலவழியுங்கள். முக்காலியில் வைத்து, கோடு போட்ட அட்டையை 16, 24, 64 வேகங்களில் எடுங்கள். ஒவ்வொரு லென்ஸிலும் முழுத் திறப்பில் தூரத்துக் கட்டடம் ஒன்று. சாவி தீரும் கடைசி நொடிகளில் வேகம் தளர்கிறதா என்பதையும் அதே ரோலில் பார்த்துவிடலாம்.